ஓரா மீன்: திரும்பத் திரும்ப என்னிடம் கேட்கப்படும் கேள்விகள்

பினாங்கில் பாயான் லெப்பாஸ் பக்கம் குடியிருக்கிறேன். ஞாயிறு விடிகாலையில் பத்து மாவுங் கரையில் தூண்டிலோடு உட்கார்ந்திருக்கும் நாலைந்து பேரில் நானும் ஒருவன். மீன்துறைப் படிப்பெல்லாம் படிக்கவில்லை. இருபது வருடமாக இந்த ஒரு மீனோடு மல்லுக்கட்டியதில் கற்றதும், அந்த ஆர்வத்தில் தேடிப் படித்ததும்தான் என் கையிருப்பு. உறவுக்காரர்கள் பாசாரில் (சந்தையில்) நின்றபடியே படம் எடுத்து அனுப்பி, “அண்ணே, இதை வாங்கலாமா?” என்று கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகத் தட்டி விரல் ஓய்ந்துவிட்டது. அதனால் எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

ஓரா என்றால் எந்த மீன்? பாசாரில் என்ன பேர் சொல்லிக் கேட்பது?

மலாய்க்காரர் கடையில் “டெங்கிஸ்” என்று கேளுங்கள். சீனர் கடையில் “பெக் தோ”, அதாவது வெள்ளை வயிறு. இராமநாதபுரம் பக்கமிருந்து வந்த குடும்பங்களில் ஓரா என்றே சொல்வார்கள். யாழ்ப்பாணத்தாரிடம் ஓரா, ஒட்டி என்று இரண்டு பெயரும் உண்டு. அறிவியல் பெயர் சிகானஸ் கனாலிகுலேட்டஸ்.

ஆளைப் பார்த்தால் லேசில் மறக்காது. இருபுறமும் தட்டையான உடம்பு, வெற்றிலையை நீட்டி இழுத்தது போன்ற வடிவம். முதுகு பாசிப்பச்சை கலந்த பழுப்பு, வயிறு வெள்ளி. உடம்பு முழுக்க ரவையை அள்ளித் தூவியது போல வெளிறிய சின்னப் புள்ளிகள். வாய் மட்டும் அந்த உடம்புக்குப் பொருந்தாத சின்ன வாய். பெட்டியில் கிடப்பது பெரும்பாலும் ஒரு சாண் நீளம், 20 சென்டிமீட்டர் இருக்கும். மிஞ்சிப் போனால் 30.

அதே பெட்டியில் புள்ளிக்குப் பதிலாக அலை அலையாகக் கோடு போட்ட பெரிய மீன் ஒன்றும் கிடக்கலாம். அது சிகானஸ் ஜாவுஸ், இதன் பெரியப்பா மகன் மாதிரி. அரை மீட்டர் வரை வளரும். கீழே சொல்லும் முள், விஷம், குடல் விஷயமெல்லாம் அதற்கும் பொருந்தும்.

முயல் மீன் என்கிறார்களே, அது வேறா?

அதேதான். மழுங்கிய மூக்கும், எதையோ மென்றுகொண்டே இருப்பது போன்ற வாயும், புல் தின்னும் பழக்கமும் சேர்ந்து வாங்கிக் கொடுத்த பெயர். பல் வெட்டுப்பல்தான், ஒரே வரிசை. ஓரத்திலிருந்து நறுக்கி நறுக்கித் தின்னும்.

விஷ மீன் என்று மாமியார் வாங்கவே விடமாட்டேன் என்கிறார். உண்மையா?

பாதி உண்மை. முள்ளில் விஷம் உண்டு, சதையில் இல்லை. இந்த இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொண்டதால்தான் நல்ல மீன் ஒன்று பல வீட்டு வாசலோடு திரும்பிப் போகிறது.

முள்ளைப் பற்றிச் சரியாகத் தெரிந்துகொள்ளுங்கள். முதுகில் 13, அடியில் வால் பக்கம் 7, வயிற்றுத் துடுப்பில் பக்கத்துக்கு இரண்டாக 4. ஆக 24. இது போதாதென்று முதுகுத்துடுப்புக்கு முன்னால் தோலுக்குள் பாதி புதைந்து, தலையைப் பார்த்தபடி இன்னொரு சின்ன முள். வயிற்றுத் துடுப்பில் முன்னும் பின்னும் முள், நடுவில் மூன்று மென்கதிர் என்ற அமைப்பு இந்தக் குடும்பத்துக்கே உரிய அடையாளம். அதனால்தான் அடியில் பிடித்தாலும் குத்தும், மேலே பிடித்தாலும் குத்தும்.

ஒவ்வொரு முள்ளிலும் இரண்டு பக்கமும் வாய்க்கால் போல ஒரு பள்ளம் ஓடும். அந்தப் பள்ளத்தில்தான் விஷச் சுரப்பி இருக்கிறது, மேலே மெல்லிய தோல் மூடியிருக்கும். பாம்பைப் போல இது விஷத்தைப் பாய்ச்சுவதில்லை. முள் உங்கள் கையில் ஏறும்போது அந்தத் தோல் கிழிந்து விஷம் காயத்தில் கலக்கிறது, அவ்வளவுதான். மீன் தானாக வந்து தாக்காது. நாம் போய்ப் பிடித்தால்தான் வம்பு.

இன்னொன்று. மீன் செத்தாலும், ஐஸில் கிடந்தாலும் முள்ளில் விஷம் இருக்கும். செத்த மீன்தானே என்று பிளாஸ்டிக் பைக்குள் கையை விட்டவர்கள்தான் அதிகம் மாட்டுகிறார்கள். ஆனால் அந்த விஷம் புரத வகை, சூட்டில் சிதைந்துவிடும். குழம்பில் வெந்த பிறகு முள் குத்தினால் வெறும் முள் குத்தியது மாதிரிதான். மாமியாரிடம் இதைச் சொல்லுங்கள்.

குத்திவிட்டது. இப்போது என்ன செய்வது?

படிப்பதை நிறுத்திவிட்டு முதலில் வெந்நீர் போடுங்கள்.

கை தாங்குகிற அளவுக்குச் சூடான நீரில், சுமார் 45 டிகிரி, குத்துப்பட்ட இடம் முழுக்க முங்கும்படி வைக்க வேண்டும். அரை மணியிலிருந்து ஒன்றரை மணி நேரம் வரை. ஆறினால் மறுபடி சூடு சேர்க்க வேண்டும். சூட்டைக் குத்துப்படாத கையால் தொட்டுப் பாருங்கள். வலிக்கிற கைக்குச் சூடு சரியாகத் தெரியாது, வெந்து கொப்புளம் போட்டுவிடும். கொதிக்கிற தண்ணீரை நேராக ஊற்றவே கூடாது. முள் முறிந்து உள்ளே நின்றால் எடுத்துவிடவேண்டும், காயத்தைக் கழுவவேண்டும், டெட்டனஸ் ஊசி போட்டு வருடக்கணக்காகிவிட்டது என்றால் அதையும் போட்டுக்கொள்ள வேண்டும். மூச்சு முட்டினாலோ, மயக்கம் வந்தாலோ, வீக்கம் கை முழுக்க ஏறினாலோ வெந்நீரை நம்பி வீட்டில் உட்கார்ந்திருக்காமல் நேராக மருத்துவமனைக்குப் போங்கள். பொதுவாக ஓரா குத்து உயிருக்கு ஆபத்தில்லை. ஆனால் அந்த முதல் மணி நேரம் தாய்மாமனைக் கூப்பிட்டு அழ வைக்கும்.

என் கதையைச் சொல்கிறேன். எட்டு வருடம் முன்பு, சமையலறைத் தொட்டியில் பையைக் கவிழ்த்துவிட்டு, ஒட்டிக்கொண்ட கடைசி மீனை உதறினேன். கட்டைவிரல் அடியில் ஏறியது. முதல் நொடியில் சாதாரண முள் குத்துதான். “ஒன்றுமில்லை” என்று மனைவியிடம் சொன்னதுகூட ஞாபகம் இருக்கிறது. அடுத்த நிமிடம் யாரோ சுத்தியலால் நிதானமாகத் தட்டுவது போல மணிக்கட்டு வரை வலி ஏறியது. பக்கத்துக் கிளினிக்குக்கு ஓடினோம். ஊசி ஒன்று, மாத்திரை இரண்டு வகை, எழுபது வெள்ளி (ரிங்கிட்). வெந்நீர் என்ற வார்த்தை அங்கே யார் வாயிலிருந்தும் வரவில்லை. திரும்பி வந்து லிஃப்டுக்குக் காத்திருந்தபோது கீழ்வீட்டு பாக்சிக் (மலாய்ப் பெரியவர்) என் கையைப் பார்த்துவிட்டு, “டெங்கிஸா?” என்று ஒரே சொல்லில் கேட்டார். என்னைத் தன் வீட்டுக்குள் இழுத்துப் போய் வாளியில் வெந்நீர் வைத்தார். பத்து நிமிடத்தில் சுத்தியல்காரன் போய்விட்டான். கையை வெளியே எடுத்ததும் திரும்ப வந்தான். மறுபடி முக்கினேன். இப்படியே ஒன்றேகால் மணி நேரம், இடையில் அவர் வீட்டில் தேநீரும் ஆனது.

ஊருக்கு ஊர் மஞ்சள், சுண்ணாம்பு, மீனின் மூளையைத் தேய்ப்பது என்று சொல்கிறார்களே?

வெந்நீர்.

வாங்கிச் சமைத்தோம், பாசி நாற்றம். மீன் கெட்டதா?

மீன் கெடவில்லை, நேரம் கெட்டது. இது புல்லும் பாசியும் தின்கிற மீன். அதைச் செரிக்க நீளமான குடல் வேண்டும். வயிற்றைக் கீறினால் கடிகாரச் சுருள் போல வட்ட வட்டமாகச் சுற்றி நெருக்கி வைத்திருக்கும் குடலைப் பார்க்கலாம், உள்ளே பச்சைக் கூழ். உயிர் போனதும் அந்தக் கூழ் புளிக்கத் தொடங்கும், வாடை சதையில் இறங்கும். நெத்திலி, கெம்போங் (கானாங்கெளுத்தி) வாங்கிப் பழகிய கை, “வீட்டுக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம்” என்று பையைக் காரில் வைத்துவிட்டு இன்னும் நாலு கடை ஏறும். ஓராவிடம் அது நடக்காது.

தூண்டிலில் பிடித்தால் நான் கரையிலேயே குடலை எடுத்துவிடுகிறேன். பாசாரில் வாங்கினால் கடைக்காரரையே எடுக்கச் சொல்லுங்கள். அதற்கு முகம் சுளிக்கிற கடையில் வாங்காதீர்கள். வயிறு தொளதொளவென்று இருந்தாலோ, பின்துவாரத்தில் பச்சைக் கசிவு தெரிந்தாலோ விட்டுவிடுங்கள்.

வீட்டில் எப்படிச் சுத்தம் செய்வது?

கத்தி வேண்டாம், முதலில் கனமான கத்தரிக்கோல். மீனைப் பலகையில் படுக்க வைத்து, தடித்த துணியால் தலையை அழுத்திக்கொண்டு, வால் பக்கமிருந்து தலையை நோக்கி முதுகுத்துடுப்பை அடியோடு நறுக்கிக்கொண்டே போங்கள். அப்புறம் அடித்துடுப்பு, கடைசியில் வயிற்றுத் துடுப்பு இரண்டும். வெட்டிய முள்ளை நேராகக் குப்பைப் பையில் போடாமல் பழைய டின்னிலோ பால் பெட்டியிலோ போட்டு மூடி எறியுங்கள். குப்பை அள்ள வருபவர் கையும் கைதான்.

செதில் இருக்கிறது, ஆனால் கண்ணுக்கே தெரியாத அளவு பொடிசு. சுரண்ட வேண்டாம், கல்லுப்பும் புளியும் போட்டுத் தேய்த்தால் வழவழப்பு போய்விடும். வயிற்றைக் கீறும்போது ஆழமாக இறக்காதீர்கள், பித்தப்பை உடைந்தால் கசக்கும்.

பினாங்குக் கடலோ தேநீர் மாதிரி கலங்கல். இங்கே கடற்புல் எங்கே இருக்கிறது?

இதைக் கேட்காதவர்கள்தான் அதிகம், கேட்டவரை உட்கார வைத்துப் பேசுவேன்.

பட்டர்வொர்த்திலிருந்து பழைய பாலத்தில், 1985-ல் திறந்த அந்த 13.5 கிலோமீட்டர் பாலத்தில், தீவை நோக்கி வரும்போது வலப்பக்கம் பாருங்கள். நீரோட்டத்துக்கு நடுவே ஒரு மேடு படுத்திருக்கிறது, மிடில் பேங்க் என்று பெயர். கடல் ஏற்றத்தின்போது ஒன்றும் தெரியாது, கப்பல்காரர்களுக்கு மட்டும் அது தலைவலி. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி வரும் பெரிய இறக்கத்தில் அந்த மேடு வெளியே வரும். அப்போது பாலத்திலிருந்து பார்த்தால் சேறு என்று நினைப்பீர்கள். அது புல்வெளி. சுமார் 50 ஹெக்டேர், தீபகற்ப மலேசியாவின் பெரிய கடற்புல் வெளிகளில் ஒன்று. ஜெலுத்தோங் பக்கம் இருக்கும் கசும்போ தீவைச் சுற்றியும் புல் இருக்கிறது. அந்தத் தீவே பாலம் கட்டியபோது தோண்டிக் கொட்டிய மணலில் உருவானது. மனிதன் கொட்டிய குப்பையில் புல் முளைத்து மீன் குடியேறியது என்பது எனக்கு எப்போதும் வேடிக்கையாகத்தான் இருக்கிறது.

ஒரு தடவை தெரிந்தவரின் படகில் இறக்க நேரத்தில் போய் இறங்கினேன். முழங்கால் வரை சேறு, செருப்பு ஒன்று போயே போய்விட்டது. குனிந்து பார்த்தால் முருங்கைக்கீரையைத் தரையில் ஒட்டி வைத்தது போல இருந்தது. சின்னச் சின்ன முட்டை வடிவ இலைகள், ஜோடி ஜோடியாக, மணலுக்கு அடியில் ஓடும் ஒரு கொடியிலிருந்து எழும்பி நிற்கின்றன. ஹாலோஃபிலா ஓவாலிஸ் என்ற வகை, அங்கே பெரும்பாலும் இதுதான். ஒரு இலையைப் பறித்து வெளிச்சத்தில் பிடித்தால் நடுநரம்பும் கிளைநரம்பும் வெற்றிலை போலவே தெரியும். சில இலைகளின் ஓரத்தில் பிறைபிறையாகக் கடித்த தடம் இருந்தது. ஓராவாகத்தான் இருக்கும் என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். நண்டாகவும் இருக்கலாம், ஆனால் எனக்கு ஓரா என்று நினைக்கத்தான் பிடித்தது.

கலங்கலில் எப்படி வளர்கிறது என்றால், அதனால்தான் மேட்டில் மட்டும் வளர்கிறது. புல்லுக்கு வெயில் வேண்டும். நம் நீரில் வெளிச்சம் ஆழமாக இறங்காது. ஆகவே ஆழம் குறைந்த இடம்தான் அதற்குக் கதி. ஓராவும் மற்றச் சொந்தக்காரர்களைவிடக் கலங்கலைத் தாங்கும். ஆற்றுமுகத்தில் உப்புக் குறைந்த நீரிலும் சமாளிக்கும். அதனால் பினாங்கு அதற்கு ஒத்து வருகிறது.

கடற்புல்லும் கடற்பாசியும் ஒன்றுதானே?

இல்லை. கடற்புல்லுக்கு வேர், பூ, விதை எல்லாம் உண்டு. தரைத் தாவரம் கடலுக்குக் குடிபெயர்ந்தது. பாசிக்கு அவை கிடையாது. மலாயில் கடற்புல்லை “ரும்புட் செத்து” என்பார்கள். ஓரா இரண்டையும் தின்னும், புல் இலைமேல் படியும் மென்பாசியென்றால் அதற்கு அல்வா.

மந்தை மந்தையாக மேய்ந்தால் புல் தீர்ந்துவிடாதா?

இங்கே தீராது. புல் அடிக்கொடியிலிருந்து துளிர்த்துக்கொண்டே இருக்கும், ஓராவைத் தின்னவும் பெரிய மீன்களும் நாமும் இருக்கிறோம். ஆனால் பழக்கமில்லாத ஊருக்கு இந்தக் குடும்பம் போனால் என்ன ஆகும் என்பதற்கு ஒரு கதை உண்டு. 1869-ல் சூயஸ் கால்வாய் திறந்த பிறகு, செங்கடலிலிருந்து ஓராவின் இரண்டு பங்காளிகள், சிகானஸ் லூரிடஸும் சிகானஸ் ரிவுலேட்டஸும், அதன் வழியாக மத்தியதரைக் கடலுக்குள் நுழைந்துவிட்டன. துருக்கி, கிரீஸ் கரைகளில் பாசி அடர்ந்த பாறைகளைப் பல இடங்களில் மொட்டையாக்கிவிட்டன. ஆடு புகுந்த தோட்டம்தான்.

சீனப் புத்தாண்டு சமயத்தில் இந்த மீனுக்கு ஏன் அவ்வளவு கிராக்கி?

நிலாவால்தான்.

ஓரா நிலாக் கணக்கில் முட்டையிடுகிற மீன். அமாவாசை கழிந்த சில நாளில், பெரும்பாலும் நாலாம் நாளிலிருந்து ஏழாம் நாளுக்குள், கூட்டம் கூடி முட்டையிடும். ஒரு பெண் மீன் லட்சக்கணக்கில் இடும். முட்டை அரை மில்லிமீட்டர் அளவு, பசை போல எதிலாவது ஒட்டிக்கொண்டு, இரண்டு நாளுக்குள் பொரிந்துவிடும். ஆக, அமாவாசையன்று பிடிபடும் மீனின் வயிறு நிறைமாதம். பெண் மீனில் சினை, ஆண் மீனில் பால் போன்ற வெள்ளைப் பை.

இப்போது நாட்காட்டியைப் பாருங்கள். சீனப் புத்தாண்டு எப்போதும் அமாவாசையில்தான் பிறக்கிறது, ஜனவரி 21-க்கும் பிப்ரவரி 20-க்கும் இடையில். நம் தை அமாவாசையும் பல வருடம் அதே அமாவாசைதான். 2025-ல் இரண்டும் ஜனவரி 29. இந்தப் பருவத்தில் சினை நிறைந்த ஓரா கிடைக்கும். ஜொகூர், சிங்கப்பூர் பக்கம் தியோச்சியூ என்ற சீனப் பிரிவினரின் குடும்பங்களில் அதைப் புத்தாண்டு மேசையில் வைப்பது செழிப்புக்கு அடையாளம். முழு மீனை ஆவியில் வேகவைத்து, சினை சிந்தாமல் பரிமாறுவார்கள். விலை மற்ற நாளைவிட எங்கேயோ போய் நிற்கும்.

நம் நிலைமையைப் பாருங்கள். அந்த ஒரு நாளில்தான் நமக்கு முன்னோர் தர்ப்பணம், வாழைக்காய், கூட்டு. தைப்பூசத்துக்குத் தண்ணிமலை முருகன் கோயிலுக்குக் காவடி எடுக்கிறவர்களுக்கோ சில வருடம் 48 நாள் விரதமும் நடந்துகொண்டிருக்கும். என் அடுத்த வீட்டுச் சீன அக்கா அந்தக் காலையில் வெள்ளை வயிற்று மீனோடு படியேறுவார், நான் வாழை இலையோடு. இருவரும் ஒருவர் பையை ஒருவர் பார்த்துக்கொள்வோம். பதினைந்து வருடமாக இதே கதை. அடுத்த வாரம் தனக்கு மிஞ்சியதில் இரண்டு மீன் தருவார், ஆனால் அதற்குள் சினை இருக்காது.

குஞ்சுகள் எங்கே வளர்கின்றன?

பொரிந்த குஞ்சு மூன்று, நாலு வாரம் திறந்த கடலில் மிதந்து திரியும். அப்புறம் விரல் நீளத்துக்கும் குறைவான உருவத்தில், ஆயிரக்கணக்கில் ஒன்றாகக் கரைக்கு வரும். நேராகப் புல்லுக்குள்தான் இறங்கும். அங்கே தீனியும் மறைவும் ஒரே இடத்தில். ஒரு வயதுக்குள் அதுவும் முட்டையிடத் தயாராகிவிடும்.

குஞ்சுகள் கரைக்கு வரும் நாளைக் காத்திருந்து பிடிக்கிற ஊர்களும் உண்டு. ஒகினாவாவில் அதற்கு ‘சுக்கு’ என்று பெயர், உப்பில் ஊறவைத்துத் தோஃபு துண்டின்மேல் வரிசையாக நிறுத்தித் தின்பார்கள். குவாம் தீவில் ‘மன்யாஹாக்’. எனக்கு அதில் மனம் ஒப்பவில்லை. அது அவர்கள் ஊர் வழக்கம், நான் யார் சொல்ல.

வாளியில் போட்டதும் நிறம் மாறிவிட்டது. வேறு மீனா?

அதே மீன். தூண்டிலில் ஏறி வரும்போது பளபளவென்று வெள்ளிப் பச்சை. வாளியில் விழுந்து மூச்சுவிடுவதற்குள் பக்கவாட்டில் கறுப்புத் திட்டுகள் மேகம் போலப் பரவும், புள்ளிகள் மங்கும், கண்ணைச் சுற்றிப் பட்டை விழும். பயந்தால் அப்படி. இரவில் புல்லுக்குள் செருகிக்கொண்டு தூங்கும்போதும் அதே திட்டு வேஷம்தான். வாளியைத் துணியால் மூடிக் கொஞ்ச நேரம் விட்டால் மறுபடி தெளியும். ஆகவே கடையில் திட்டுத்திட்டாக இருக்கிறது என்று பழைய மீன் என்று நினைக்காதீர்கள். கண்ணையும் செவுளையும் பாருங்கள்.

எதைப் போட்டால் கடிக்கும்?

ரொட்டி. காலையில் சாப்பிட்டு மிஞ்சிய வெள்ளை ரொட்டியைத் தண்ணீர் விட்டுப் பிசைந்து பட்டாணி அளவு உருட்டினால் போதும். பாறையில் சுரண்டியெடுத்த பச்சைப் பாசி அதைவிட நல்லது, ஆனால் கொக்கியில் நிற்க வைப்பதற்குப் பொறுமை வேண்டும். இறாலுக்கும் சில நேரம் வரும். பசி வந்தால் சைவ விரதமெல்லாம் பறந்துவிடும் போல. கொக்கி சின்னது, மிதவை மெலிசு. ஓரா விழுங்காது, கொறிக்கும். மிதவை முங்குவதற்குக் காத்திருந்தால் ரொட்டி போய்விடும், அது நடுங்கும்போதே சுண்ட வேண்டும். ஏற்றம் தொடங்கிய முதல் இரண்டு மணி நேரம் எனக்கு ராசி.

கழற்ற நீள மூக்குக் குறடு இல்லாமல் போகாதீர்கள். உள்ளங்கையைவிடச் சிறியதைக் கையால் தொடாமல் குறடாலேயே நீரில் விட்டுவிடுங்கள்.

தொழிலாகப் பிடிப்பவர்கள் பெரும்பாலும் ‘பூபு’ என்ற கம்பிக் கூண்டு வைக்கிறார்கள். கீழக்கரைப் பக்கம் ‘கூடு’ என்று சொல்வதும் இதே வேலைதான் செய்யும். அங்கேயும் அதில் ஓரா விழும். மன்னார் வளைகுடாவிலும் பாக் நீரிணையிலும் இதே கடற்புல். அதை நம்பித்தான் ஆவுளியாவும் (கடற்பசு) இருக்கிறது. ஆவுளியாவுக்காகப் பாக் விரிகுடாவில் 448 சதுர கிலோமீட்டரைத் தமிழக அரசு 2022-ல் காப்பகமாக அறிவித்தது.

ஒமேகா-3 இருக்கிறதா? மத்தி, கெம்போங்தான் நல்லது என்கிறார்களே?

ஓராவிலும் இருக்கிறது, அது வரும் வழிதான் சுவாரசியம். கடல் மீன்கள் அந்தக் கொழுப்பைத் தீனியிலிருந்து அப்படியே பெற்றுக்கொள்ளும், தாமே தயாரிக்காது என்றுதான் நெடுநாள் நினைத்திருந்தார்கள். புல்லிலும் பாசியிலும் கிடைக்கும் எளிய கொழுப்பை எடுத்து ஓரா தன் உடம்பிலேயே டிஎச்ஏ என்ற ஒமேகா-3 வரை கொண்டுபோகிறது என்று 2010-ல் ஆய்வாளர்கள் காட்டினார்கள். அதற்கான ஒரு நொதி, முதுகெலும்புள்ள பிராணிகளிலேயே முதன்முதலாக இந்த மீனில்தான் அடையாளம் காணப்பட்டது. மாத்திரையை நிறுத்துங்கள் என்று நான் சொல்லவில்லை. புல் தின்று எண்ணெய்ச் சத்து செய்கிற மீனை வெறும் “முள்ளு மீன்” என்று ஒதுக்காதீர்கள் என்கிறேன்.

கனாலிகுலேட்டஸ் என்று வாயில் நுழையாத பேரை யார் வைத்தது?

முங்கோ பார்க். ஆமாம், பிற்பாடு ஆப்பிரிக்காவில் நைஜர் ஆற்றைத் தேடிப் போன அதே ஸ்காட்லாந்துக்காரர். அதற்கு முன்னால் 1793-ல் கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பலில் உதவி மருத்துவராக சுமத்ராவின் பெங்கூலுவுக்கு வந்தார். பிரான்சிஸ் லைட் பினாங்கில் கொடி ஏற்றி ஏழு வருடம் ஆன சமயம். அங்கே பார்த்த எட்டு மீன்களை விவரித்து எழுதியது 1797-ல் அச்சானது. அதில் ஒன்று நம் ஓரா. அந்த லத்தீன் சொல்லுக்கு ‘வாய்க்கால் ஓடியது’ என்று பொருள். குத்துப்பட்ட எனக்கு அந்தப் பெயரின்மேல் தனி மரியாதை.

வளர்க்க முடியுமா?

வளர்க்கிறார்கள். ஜெரெஜாக், அமான் தீவுகள் பக்கம் போனால் கடலில் மிதக்கும் மீன் கூண்டுகளைப் பார்க்கலாம். இந்த மாதிரிக் கூண்டில் கொஞ்சம் ஓராவை விட்டால், வலையில் படியும் பாசியைத் தின்று சுத்தமாக வைக்கும். சம்பளம் இல்லாத துப்புரவுப் பணியாளர். வீட்டுக் கண்ணாடித் தொட்டியில் வேண்டாம். மஞ்சளாக அழகாக இருக்கும் ‘ஃபாக்ஸ்ஃபேஸ்’ இதன் உறவு, கடையில் கிடைக்கும், அதற்கும் முள்ளில் விஷம் உண்டு.

முன்பு போல கிடைப்பதில்லையே?

என் வாளியும் அப்படித்தான் சொல்கிறது. முன்பு ஒரு காலையில் பத்து என்றால் இப்போது மூன்று. தூண்டில்காரன் கணக்கை வைத்து நீதிமன்றத்துக்குப் போக முடியாதுதான். ஆனால் புல்லுக்கு எது எமன் என்பதில் சந்தேகமில்லை, சேறு. கடலைத் தூர்த்தாலோ, தோண்டினாலோ எழும்பும் வண்டல் இலைமேல் படியும், வெளிச்சம் மறையும், புல் மூச்சுத் திணறும். தெற்குக் கரையில் மூன்று தீவு தூர்ப்பதாக இருந்த திட்டம் 2023-ல் ஒரு தீவாகக் குறைந்தது. அந்த ஒன்றின் வேலை நடக்கிறது. அதைப் பற்றி காப்பிக்கடையில் இரண்டு கட்சி உண்டு, நான் மீன் கட்சி.

எப்படிச் சமைத்தால் நன்றாக இருக்கும்?

என் பாட்டி கை: நல்லெண்ணெயில் வெந்தயம், சின்ன வெங்காயம், பூண்டு தாளித்து, கெட்டிப் புளி, மிளகாய்த்தூள், மாங்காய் இரண்டு துண்டு. குழம்பு வற்றி எண்ணெய் பிரிந்த பிறகுதான் மீன். எட்டு நிமிடம், கரண்டி போடாமல் சட்டியைச் சுழற்ற வேண்டும். சதை வெள்ளையாக, இறுக்கமாக, லேசான இனிப்போடு இருக்கும். பினாங்கு வழக்கப்படி வெண்டைக்காயும் சேர்க்கலாம். சின்ன மீனென்றால் மஞ்சள், உப்பு, மிளகுத்தூள் தடவி முறுகப் பொரித்துவிடுங்கள், துடுப்பு இருந்த ஓரம்தான் மொறுமொறுப்பு. தேங்காய்ப்பால் இதற்குச் சரிவராது என்பது என் கருத்து. மனைவிக்கு வேறு கருத்து. வாரம் விட்டு வாரம் அவர் கருத்தும் சமைக்கப்படும்.

தலையைப் பூனைக்குப் போடலாமா?

போடலாம். முள் எல்லாம் வெட்டியாயிற்றா என்று பார்த்துவிட்டு, வேகவைத்துப் போடுங்கள். தலைக்குப் பின்னால், முதுகுத்துடுப்புக்கு முன்னால் புதைந்திருக்கும் அந்தச் சின்ன முள்ளை எல்லோரும் மறந்துவிடுகிறார்கள்.